குரல் மட்டும் போதுமா?

புளியந்தோப்பில், ஆட்டுத்தொட்டிக்குச் சற்றுத் தொலைவில், ஒரு தெருமுனையில் பொங்கல் விழா. குழல்விளக்கு வரிசை இரவைப் பகலாக்கிற்று. கொடிகள் காற்றில் படபடத்தன. பேச்சாளர் பட்டியலில் என் பெயரும் இருந்தது. ஆனால் எனக்கு முன்னே ஒலிபெருக்கியைப் பிடித்தான் ஓர் இளைஞன். பலகுரல் கலைஞன். மூன்று முதலமைச்சர்களாகப் பேசினான். நான்கு நடிகர்களாகப் பேசினான். கைதட்டல் சுமாராகத்தான் இருந்தது. இறுதியில் தலையைச் சற்றே சாய்த்து, ஒரு தோளை உயர்த்தி, கீச்சென்று மேலே எழும்பிய குரலை அதே மூச்சில் உறுமலாகக் கீழே இறக்கினான். அவ்வளவுதான், தெருவே எழுந்து ஆர்ப்பரித்தது! பத்து வயதுப் பையன் கூச்சலிடுகிறான், "எம். ஆர். இராதா!" என்று. அப்பையனின் தந்தையே பிறந்திராத காலத்தில், 1979ஆம் ஆண்டு செப்டம்பர் 17ஆம் நாள் திருச்சியில் மறைந்த மனிதரின் குரல் அது. என்னே அதன் ஆயுள்!

மகிழ்ச்சிதான் எனக்கு. அந்த மகிழ்ச்சியோடு பக்கத்து நாற்காலியில் இருந்த பெரியவரைப் பார்த்தேன். பின்னி ஆலையில் தறி ஓட்டியவர். 1996இல் அந்த ஆலையின் கதவு அடைபட்ட நாளிலிருந்து, ஓய்வு என்று சொல்ல முடியாத ஓய்வில் இருப்பவர். அவர் கைதட்டவில்லை.

"என்ன ஐயா, பையன் நன்றாகச் செய்கிறானே?" என்றேன்.

"கொரலைப் புடிச்சிக்கினான் தம்பி. ஆளை வுட்டுட்டான்" என்றார் அவர்.

அதற்குப் பிறகு நான் மேடையேறி என்ன பேசினேன் என்பது எனக்கே நினைவில்லை. பெரியவரின் அந்தச் சொல் ஒரு முள்போலத் தைத்துக்கொண்டிருந்தது. ஆளை விட்டுவிட்டவன் அந்த இளைஞன் மட்டுந்தானா? நாமில்லையா? கழகத்தின் கூட்டங்களில், ஊர்வலங்களில், சுவரொட்டிகளில், கைபேசித் துணுக்குகளில், நடிகவேள் நமக்கு என்னவாக எஞ்சியிருக்கிறார்? ஒரு குரல், ஒரு துப்பாக்கி. குரலைக் கேட்டுச் சிரிக்கிறோம். துப்பாக்கியைக் கேட்டுக் கிசுகிசுக்கிறோம். இவ்விரண்டுக்கும் நடுவே அரை நூற்றாண்டு காலம் மேடையில் நின்று உழைத்த ஒரு மனிதன் காணாமற் போய்விட்டான்.

யார் அந்த மனிதன்?

1907இல் சென்னைச் சிந்தாதிரிப்பேட்டையில் பிறந்தவர். கூவத்துக்கு அந்தக் கரை அவருக்கு. இந்தப் பக்கிங்காம் கால்வாய்க் கரை நமக்கு. தந்தை பட்டாளத்துக்காரர், முதல் உலகப் போரில் மாண்டார். வெள்ளைக்காரனின் போருக்கு உயிர் கொடுத்த சிப்பாயின் வீட்டில் மிஞ்சியது வறுமை. தாய் ஒரு துண்டு மீன் கூடுதலாக வைக்கவில்லை என்ற கோபத்தில் பையன் வீட்டைவிட்டு ஓடினான் என்பது, அவரே பிற்காலத்தில் சொல்லி, எழுத்தாளர் விந்தன் எழுதிவைத்த செய்தி. ஒரு மீன்துண்டு! அந்தத் துண்டு அன்று தட்டில் விழுந்திருந்தால் தமிழ்நாட்டுக்கு ஒரு நடிகவேள் கிடைத்திருப்பாரா என்று எண்ணிப் பார்க்கிறேன். எழும்பூர் இரயில் நிலையத்தில் திரிந்த சிறுவனை நாடகக்காரர் ஒருவர் அழைத்துச் சென்றார். அன்று தொடங்கியது அவருடைய படிப்பு.

ஆம், படிப்புதான். பாய்ஸ் கம்பெனி என்பது அக்காலத்து ஏழைப் பிள்ளைகளின் பள்ளிக்கூடம், விடுதி, பட்டறை, சில வேளைகளில் சிறைச்சாலை. விடியுமுன் எழுந்து பாடம், வாத்தியார் சொல்வதைக் காதால் வாங்கி நெஞ்சில் பதிக்க வேண்டும், தவறினால் பிரம்பு. பகலில் திரை இழுக்க, விளக்கு துடைக்க, சாமான் கட்ட. இரவில் அரிதாரம் பூச. கல்லூரியை இரண்டாம் ஆண்டிலேயே விட்டுவந்து, அதைப் பெரிய வீரமென்று சில காலம் பேசித் திரிந்தவன் நான். அந்தப் பாய்ஸ் கம்பெனியில் ஒரு மாதம் இருந்திருந்தால் கல்லூரி நாற்காலியின் அருமை எனக்குத் தெரிந்திருக்கும்!

அந்தப் பட்டறையில் வார்க்கப்பட்டவர் இராதா. சினிமா அவரை 1937இலேயே அழைத்தது. இராசசேகரன் என்ற படத்தில் தோன்றினார். பின்னும் சில படங்கள். பிறகு? 1940களின் தொடக்கத்தில் படத்தை விட்டு மேடைக்கே திரும்பினார். மேடையிலிருந்து சினிமாவுக்குப் போவதுதான் எல்லோரும் ஏறுகிற ஏணி. அந்த ஏணியில் ஏறிப் பார்த்துவிட்டு இறங்கி வந்தவர்களை விரல்விட்டு எண்ணலாம். ஏன் இறங்கினார்? படத்தில் பேசிய பேச்சு பேசியதுதான், மாற்ற முடியாது. மேடையிலோ, இன்று காலைச் செய்தித்தாளில் வந்த அக்கிரமத்தை இன்று இரவே உரித்துத் தொங்கவிடலாம். அவர் அப்படித்தான் செய்தார். நாடகத்தின் நடுவே செய்தித்தாளைக் கையில் வைத்துக்கொண்டு அன்றைய நாட்டு நடப்பை அலசுவது அவருடைய வழக்கம். நேற்றுப் பார்த்த நாடகத்தை இன்றும் பார்க்க மக்கள் டிக்கெட் வாங்கினார்களே, ஏன்? நேற்றுப் பேசியதை இன்று பேசமாட்டார் என்பதால்!

ஈரோட்டுப் பாசறை அவருக்குக் கருத்தைக் கொடுத்தது. அவர் அதற்குக் குரலைக் கொடுத்தார். தந்தை பெரியாரிடம் அவர் வைத்த பற்று கடைசிவரை தளரவில்லை. வேப்பேரியில் பெரியார் திடலில் அவர் பெயரால் மன்றம் இருக்கிறது. புளியந்தோப்பிலிருந்து நடந்தே போய்ப் பார்க்கலாம். அஞ்சாநெஞ்சன் பட்டுக்கோட்டை அழகிரி "நடிகவேள்" என்று அவரை அழைத்தார். அவரோ, தன் குழுவுக்குத் தூக்குமேடை நாடகம் எழுதித்தந்த இளைஞரைக் "கலைஞர்" என்று அழைத்தார். கோடிக்கணக்கானோர் ஐம்பது, அறுபது ஆண்டுகள் முழங்கிய அந்தப் பெயர் பிறந்த வாய் எது என்பதை நம் இளைஞர் அணித் தோழர்களில் எத்தனை பேர் அறிவர்?

ஆனால், தோழர்களே, ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். அவர் நம் கட்சிக்காரர் அல்லர். 1949இல் அண்ணா தனிக்கழகம் கண்டபோது இராதா பெரியாரோடு நின்றார். பெரியார் பெருந்தலைவர் காமராசரை ஆதரித்த ஆண்டுகளில் இராதாவும் ஆதரித்தார். அதாவது, நம் முன்னோடிகள் தெருத்தெருவாக உதயசூரியனுக்கு வாக்குக் கேட்டு அலைந்த நாட்களில், அந்தக் குரல் எதிர்மேடையில் ஒலித்தது. அப்படியிருக்க, நம் நாளேட்டின் ஞாயிறு பக்கத்தில் அவருக்கு ஏன் இத்தனை இடம் என்று கேட்கும் தோழரும் இருப்பார். கேட்கட்டும். விடை சொல்கிறேன்.

இரத்தக்கண்ணீரை எடுத்துக்கொள்ளுங்கள். திருவாரூர் கே. தங்கராசு எழுதியது. பல ஆண்டுகள் மேடைகளில் ஓடிய பின், நேஷனல் பிக்சர்ஸ் பெருமாள் முதலியார் தயாரிப்பில், கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் 1954இல் படமாயிற்று. பராசக்தியை எடுத்த அதே நிறுவனம், அதே இயக்குநர்கள். இராதாவுக்கு வயது நாற்பத்தேழு. கதைநாயகன் மோகனசுந்தரம் யார்? உத்தமனா? ஊருக்கு உழைப்பவனா? இல்லை. சீமை சென்று திரும்பிய செருக்கன். பெற்ற தாயை மதியாதவன். கட்டிய மனைவி சந்திராவைத் தள்ளிவிட்டுக் காந்தாவின் வீடே கதியென்று கிடந்தவன். பணமெல்லாம் தொலைந்து, தொழுநோய் பற்றி, பார்வை இழந்து, தெருவில் கையேந்தியவன்.

இப்படிப்பட்டவன் வாயில் யார் அறிவுரையை வைப்பார்? நல்ல கருத்தை நல்லவன் வாயில் வைப்பதுதான் நாடகம் எழுதுவோரின் வழக்கம். நானும் அப்படித்தான் எழுதிப் பழகியவன். நம் நாடகங்களில் கதாநாயகன் வந்து நின்றாலே அவையோர்க்குத் தெரியும்: இதோ, இவன் சாதியை எதிர்த்துப் பேசப்போகிறான், இதோ, கைதட்ட வேண்டிய இடம் வருகிறது என்று. தட்டுகிறார்கள். தட்டியவர் யாரும் வீட்டுக்குப் போய் மாறுவதில்லை. இராதாவின் முறை வேறு. மோகனசுந்தரத்தை அவை வெறுக்கிறது. வெறுத்துக்கொண்டிருக்கும்போதே அவன் பேசும் பேச்சில் உண்மை தெறிக்கிறது. சடங்கைக் கேலி செய்கிறான். சரிதானே என்று தோன்றுகிறது. போலிப் பெரிய மனிதரைக் கிழிக்கிறான். சரிதானே என்று தோன்றுகிறது. "இந்த அயோக்கியன் சொல்வது எப்படிச் சரியாக இருக்க முடியும்?" என்று பார்ப்பவன் மனத்துக்குள் ஒரு வழக்கு நடக்கிறது. தீர்ப்பை அவனே எழுத வேண்டியிருக்கிறது; கைதட்டித் தப்பித்துக்கொள்ள வழியில்லை!

குரலும் அதற்காகத்தான் இரண்டாகப் பிளந்தது. கேளுங்கள், ஊன்றிக் கேளுங்கள். கீச்சுக்குரல் செருக்கனுடையது: ஆட்டம், அலட்சியம், எகத்தாளம். அடித்தொண்டை உறுமல் உலகத்தைப் பார்த்துவிட்டவனுடையது. ஒரே வாக்கியத்தில் இருவரும் பேசுகிறார்கள். ஒருவன் பொய்யை மற்றவன் அம்பலப்படுத்துகிறான். பலகுரல் மேடையில் அது வித்தை. இராதாவின் மேடையில் அது வாதம்.

இப்படிப்பட்ட நாடகங்கள் யாருக்கு நடந்தன? கற்றறிந்தோர் சபாக்களுக்கா? பகலெல்லாம் உழைத்துவிட்டு இரவில் மண்தரையில் உட்காரும் கூட்டத்துக்கு. வடசென்னையைப் பற்றித் தெரியாதவர்கள், இங்கே கானாவும் குத்துச்சண்டையும்தான் உண்டென்று எழுதுவார்கள். வால்டாக்ஸ் சாலையில் ஒற்றைவாடைக் கொட்டகை நின்றதை அவர்கள் அறியார். ஆலைச் சங்கு ஊதி முடிந்ததும் நாடகக் கொட்டகைக்குப் போன தலைமுறை இது. 1918இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் கண்ட மண். 1921 வேலைநிறுத்தத்தில் தொழிலாளியும் தொழிலாளியும் சாதியால் பிரிக்கப்பட்டுப் புளியந்தோப்பு குடிசைகள் எரிந்த மண். ஒற்றுமை என்றால் என்ன, அது உடைந்தால் என்ன என்பதை இந்த மக்களுக்கு எந்தப் பேச்சாளனும் புதிதாகச் சொல்லத் தேவையில்லை. அந்தப் பெரியவர், இராதா சிறையிலிருந்து மீண்ட பின் நடத்திய இரத்தக்கண்ணீரைத் தம் இளமையில் பார்த்தவர். என்ன நினைவிருக்கிறது என்று கேட்டேன். "திட்டுவாரு தம்பி. காசு குடுத்து உள்ளே வந்த நம்மளையே திட்டுவாரு. ஆனா மறுநாளும் போவோம்" என்றார்.

காசு கொடுத்தவனையே திட்டுவது! தோழர்களே, நடிகர்களின் வரலாற்றில் இதற்கு எத்தனை இணை காட்டுவீர்கள்? பார்வையாளனைத் தெய்வமென்று கும்பிட்டுச் சம்பாதித்தவர்கள் பலர். பார்வையாளனைத் தன்னைக் கும்பிட வைத்துச் சம்பாதித்தவர்கள் அதனினும் பலர். நடிகனைக் கண்டு மயங்காதே, அவன் கூலி வாங்கிக்கொண்டு வேலை செய்கிறவன் என்று, நடிகனாக நின்றே சொன்னவர் இராதா.

சர்க்காருக்கு இது பொறுக்குமா? 1954இல் அவர் இராமாயண நாடகத்தை மேடையேற்றினார். மனம் புண்படும் என்று எண்ணுவோர் வரவேண்டியதில்லை என்று முன்கூட்டியே விளம்பரம் செய்துவிட்டு நடத்தினார். தடை, கைது, மீண்டும் நாடகம், மீண்டும் கைது. வெள்ளைக்காரன் 1876இல் போட்டுவைத்த நாடகச் சட்டம் போதாதென்று, 1954இல் சென்னை மாநிலத்துக்கென்றே தனியாக ஒரு நாடக நிகழ்ச்சிகள் சட்டம் வந்தது. அதற்கு இராதாவின் நாடகங்கள் பெருங்காரணம் என்பது நாடக வரலாற்றை எழுதியோர் பலரின் கருத்து. ஒரு நடிகனின் நாக்கை அடக்கச் சட்டமன்றம் கூட வேண்டியிருந்தது! அப்போது முதலமைச்சர் யார்? காமராசர். பின்னாளில் இராதா ஆதரித்தாரே, அதே காமராசர். தன் வாயைக் கட்டச் சட்டம் செய்த ஆட்சியின் தலைவரை, கல்விக்கூடம் திறந்தார், ஏழைப் பிள்ளைக்குச் சோறு போட்டார் என்பதற்காகப் பாராட்டவும் அவரால் முடிந்தது. அவருடைய நண்பர்களுக்கும் இதில் நிம்மதியில்லை, எதிரிகளுக்கும் இல்லை.

அந்தச் சட்டம் எத்தனை நாள் வாழ்ந்தது தெரியுமா? இராதா மறைந்து முப்பத்துமூன்று ஆண்டுகள் கழிந்து, 2013 சனவரியில், நாடகக்காரரும் எழுத்தாளருமான ஞாநி தொடுத்த வழக்கில்தான் சென்னை உயர்நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகளை அரசமைப்புக்கு முரணானவை என்று செல்லாமல் ஆக்கிற்று. இடைப்பட்ட ஐம்பத்தெட்டு ஆண்டுகளில் காங்கிரசு ஆண்டது, நாம் ஆண்டோம், நம்மைவிட்டுப் பிரிந்தவர்கள் ஆண்டார்கள். நாடகத்தாலேயே நாட்டைப் பிடித்தோம் என்று மார்தட்டுகிற நாம், நாடகத்தைப் பிடிக்கும் சட்டத்தை ஏட்டிலேயே விட்டுவைத்தோம். இதை எழுதும்போது என் பேனா தயங்காமலில்லை. ஆனால் இராதாவைப் பற்றி எழுதும்போது இதை விழுங்கினால், பெரியவர் சொன்னது எனக்கும் பொருந்திவிடும்.

சீனத்தில் ஒரு முதுபெரும் நடிகர் இருந்தார். பெயர் சௌ சின்பாங். 1895இல் பிறந்தவர். ஏழு வயதுச் சிறுவனாக மேடையேறியவர். சாங்காய் நகரத்து இசைநாடகத்தில் அவருக்கு நிகரில்லை. படங்களிலும் அவருடைய நாடகங்கள் பதிவாயின. இளமையிலேயே தொண்டை கெட்டுக் குரல் கரகரத்துப் போயிற்று. பாட்டை நம்பியே பிழைக்கும் கலையில் குரல் போனால் என்ன மிச்சம்? அவர் அந்தக் கரகரப்பையே ஒரு பாணியாக்கினார். அந்தப் பாணிக்கு மாணவர் பரம்பரையே உண்டாயிற்று. இராதாவின் உடைந்த குரலைக் கேட்டு வளர்ந்த நமக்கு இது புரியும். அறுபது வயதைக் கடந்தபின் அவர் ஏற்ற வேடம் ஹாய் ருய். மிங் மரபின் பேரரசனுக்கு, நீ செய்வது தவறு என்று விண்ணப்பம் எழுதிவிட்டுத் தனக்குச் சவப்பெட்டியும் தயார் செய்து வைத்துக்கொண்ட அதிகாரி. அந்த வேடந்தான் வினையாயிற்று. 1966இல் பண்பாட்டுப் புரட்சி என்று கிளம்பியது, ஆட்சியைக் குத்திக்காட்டவே அந்த நாடகம் என்று குற்றம் சாட்டினார்கள், முதியவரைத் தெருவில் இழுத்து இழிவுபடுத்தினார்கள், சிறைவைத்தார்கள். 1975இல் அவர் மாண்டார். மூன்றாண்டு கழித்து, அவர் குற்றமற்றவர் என்று அதே கட்சி அறிவித்தது. செத்தவரிடம் போய்ச் சொன்னார்கள்!

அவரை வாட்டியவர்கள் அன்னியரல்லர். புரட்சியின் பேரைச் சொன்னவர்கள். பழைய மன்னனைத் திட்டும்வரை கைதட்டினார்கள். நம்மையும் சொல்கிறானோ என்ற ஐயம் வந்ததும் கைவிலங்கை எடுத்தார்கள். சீனத்தின் கதையைச் சீனத்தோடு விட்டுவிட நமக்கு உரிமையுண்டா என்பதை, கீழே என் சொந்தக் கதையைச் சொன்ன பிறகு நீங்களே முடிவு செய்யுங்கள்.

அதற்கு முன் அந்தத் துப்பாக்கி. 1967 சனவரி 12. இராமாவரம் தோட்டத்தில் எம். ஜி. ஆர். கழுத்தில் குண்டு, இராதாவின் உடலிலும் குண்டு. நாடே நடுங்கிற்று. கட்டுப்போட்ட கழுத்தோடு எம். ஜி. ஆர். இருந்த சுவரொட்டி அந்தத் தேர்தலில் ஊரெங்கும் ஒட்டப்பட்டது. வழக்கு செங்கற்பட்டில் நடந்தது. ஏழாண்டுக் கடுங்காவல் விதித்தார்கள். மேல்முறையீட்டில் அது குறைந்தது. 1971இல் வெளியே வந்தார். இதில் மறைக்கவோ பூசிமெழுகவோ எதுவுமில்லை. கருத்தால் மோதப் பிறந்த நாக்கு இருக்க, கை துப்பாக்கியைத் தேடியது குற்றம், நீதிமன்றம் தண்டித்தது, அவர் அனுபவித்தார். ஆனால் ஒரு நாளின் குற்றத்தைக் கொண்டு ஐம்பதாண்டு உழைப்பை அளப்பது என்ன கணக்கு? பாகப்பிரிவினையில் சிங்கப்பூர் சிங்காரமாகவும், பாவமன்னிப்பில் ஆளவந்தாராகவும், பலே பாண்டியாவில் இரட்டை வேடத்திலும், 1950களின் இறுதியிலிருந்து 1967 வரை அவர் இல்லாத படமே குறைவு என்னும்படி நடித்தார். வில்லன் என்றார்கள், நகைச்சுவை என்றார்கள். எந்தப் பெட்டியிலும் அடங்கவில்லை. சிறையிலிருந்து வந்ததும் அறுபத்து நான்கு வயதில் என்ன செய்தார்? மூலையில் உட்கார்ந்தாரா? மீண்டும் அரிதாரம்; மீண்டும் மேடை; மீண்டும் மோகனசுந்தரம்.

குறையே இல்லாத நாடகமா இரத்தக்கண்ணீர்? இல்லை. காந்தாவைப் பேயாகக் காட்டிவிட்டது அந்த நாடகம். பொட்டுக்கட்டும் வழக்கத்தைச் சட்டத்தால் ஒழிக்க முத்துலட்சுமி அம்மையாரும் மூவலூர் அம்மையாரும் பட்ட பாட்டை அறிந்த இயக்கத்தின் மேடையில், அந்தப் பெண் ஏன் அப்படியானாள் என்று ஒரு வரி வந்திருக்கலாம். தொழுநோயைப் பாவத்தின் கூலியாகக் காட்டியது இன்னும் பெரிய பிழை. அது கிருமியால் வரும் நோய். 1980கள் முதல் கூட்டுமருந்துகளால் முழுவதும் குணமாகும் நோய். ஒழுக்கம் தவறினால் தொழுநோய் வருமென்பது, பகுத்தறிவு மேடையிலேயே ஏறி உட்கார்ந்துகொண்ட மூடநம்பிக்கை! அந்நோய் கண்டோரை ஊர் விலக்கிவைத்த கொடுமையை அது குறைத்திராது, கூட்டியிருக்கும். ஆயினும், முடிவில் மோகனசுந்தரம் தன் மனைவியின் கையைப் பாலுவின் கையில் கொடுத்து மறுவாழ்வு அமைத்துத் தருகிறானே, கணவன் உயிரோடிருக்கும்போதே! 1954இல் அதை எழுதவும் நடிக்கவும் கொட்டகை நிறையப் பார்க்கவும் ஒரு துணிவு வேண்டும்.

இனி என் கதை. நான் ஒரு சிறு நாடகம் எழுதியிருக்கிறேன். பாதாளச் சாக்கடையில் இறங்கி மூச்சுத்திணறிச் செத்த ஒரு தொழிலாளியைப் பற்றியது. மலக்குழியில் மனிதனை இறக்கக் கூடாதென்று 2013இல் நாடாளுமன்றம் சட்டமே செய்த பின்னும் நடக்கிற சாவு. அதில் வில்லன் ஒரு குத்தகைக்காரன். இராதாவிடம் கற்றதைத் திருடி, நல்ல வசனங்களையெல்லாம் அந்தக் கயவன் வாயில் வைத்தேன். ஒரு காட்சியில் அவன் அவையைப் பார்த்துச் சொல்வான்: "நான் அவனை இறக்கினேன், சரி. செத்த அன்று மாலையோடு வந்தீர்களே, எல்லாக் கொடியும் வந்ததே, மறுநாள் எவனய்யா வந்தான்? படம் எடுத்துக்கொண்டு போனீர்கள். அவன் பெயரைக் கேட்டுக்கொண்டு போனீர்களா?"

தெருவில் நடத்த அனுமதி கேட்டுப் போன இடத்தில், கதைவசனத்தை முழுதும் கொடுத்துவிட்டுப் போ, பார்த்துச் சொல்கிறோம் என்றார்கள். 2013இல் செத்த சட்டம் ஒருவர் மேசையில் பழக்கமாக உயிரோடிருக்கிறது! அதைப் பற்றி நான் ஆத்திரப்பட்டு முடிப்பதற்குள், நம் தோழர் ஒருவர், நல்லவர், பந்தலுக்கும் விளக்குக்கும் தம் கைக்காசைப் போட முன்வந்தவர், என்னைத் தனியே அழைத்தார்.

"நாடகம் பிரமாதம். அந்த ஒரு வரியை மட்டும் எடுத்துவிடுங்கள்" என்றார்.

"எந்த வரி?"

"எல்லாக் கொடியும் வந்ததே என்கிறானே, அது. எதிரிக்குத் தீனி போடலாமா?"

"சொல்பவன் அயோக்கியன் அல்லவா, தோழர்? வில்லன் பேச்சுதானே?"

"அதனால்தான் சொல்கிறேன். வில்லன் சொல்வது உண்மை மாதிரி இருக்கிறதே!"

என்ன விடை சொல்வேன்? அதற்காகத்தானே அந்த வரி! இராதா இன்று வந்து நம் மேடையில் நின்றால், கீச்சுக்குரலில் தொடங்கி உறுமலில் முடித்தால், அவர் பேச்சு எதிரியைத் தாக்கும்வரை சிரிப்போம். முகத்தைத் திருப்பி, முன்வரிசையில் துண்டு போட்டு உட்கார்ந்திருக்கும் நம்மைப் பார்த்தாரானால்? ஒலிபெருக்கியின் கம்பியைப் பிடுங்க எத்தனை பேர் ஓடுவோம்? ஆலைத் தொழிலாளி திட்டு வாங்கிக்கொண்டு மறுநாளும் போனான். பதவியும் பட்டயமும் வாங்கிய நமக்கு அந்த நெஞ்சுரம் இருக்கிறதா? அவர் நம் கட்சிக்காரர் அல்லர் என்பதால்தான், தோழர்களே, அவருக்கு இந்தப் பக்கத்தில் இத்தனை இடம். நம்மவன் நம்மைப் புகழ்வதற்கு நாளும் பக்கமுண்டு.

வரியை நான் எடுக்கவில்லை. பந்தல் போட வந்த தோழர் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள், விளக்குக்காரரிடம் சொல்லிவிட்டேன் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். குத்தகைக்காரன் வேடத்தை அந்தப் பலகுரல் இளைஞனிடமே கொடுத்திருக்கிறேன். ஒத்திகை இரவில், ஒரு படிப்பகத்தின் பின்கட்டில் நடக்கிறது. பழக்க தோஷம், வாக்கியத்தின் வால் இராதாவாகப் போய் முடிகிறது அவனுக்கு. மூலையில் உட்கார்ந்திருக்கும் ஆலைப் பெரியவர் அப்போதெல்லாம் கனைக்கிறார். அவன் நிறுத்தி, முதலிலிருந்து தொடங்குகிறான்.

வருகிற மாதம் கடைசிச் சனிக்கிழமை, இரவு எட்டு மணிக்கு, அதே தெருமுனையில் நாடகம். அனுமதிக் கடிதம் இன்னும் வரவில்லை; வந்துவிடும் என்கிறார்கள். வாருங்கள். கோபம் வந்தால் எழுந்து நின்று கேளுங்கள். பையனுக்கு விடை சொல்லப் பழக்கிக்கொண்டிருக்கிறோம்.